மௌனப்படத்தில் சர்க்கரை ஆலை: காட்சிகளை இனம்கண்டு பட்டியலிடுவது எப்படி

"சர்க்கரை ஆலை, இடம் தெரியவில்லை, 1920 வாக்கில்." படக் காப்பகங்களில் இப்படி ஒற்றை வரிக் குறிப்போடு கிடக்கும் மௌனப்படத் துண்டுகள் நிறைய. ஆலை முதலாளிகள் விளம்பரத்துக்காகவும், காலனி அரசுகள் குடியேற ஆள் பிடிப்பதற்காகவும், படக் கம்பெனிகள் வெளியூர்க் காட்சிக்காகவும் எடுத்தவை இவை. ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்து வேளாண் துறைக்காக ஃபிரெடரிக் வில்ஸ் 1899இல் லூமியேர் சகோதரர்களின் படக்கருவியைக் கொண்டு எடுத்த ஒரு நிமிடப் படங்களிலேயே கரும்பு வெட்டும் காட்சி உண்டு. இப்படிப்பட்ட ஒரு துண்டு உங்கள் கைக்கோ கணினிக்கோ வந்து சேர்ந்தால், அதில் என்ன ஓடுகிறது, எந்த வேகத்தில் ஓடவேண்டும், எங்கே எடுக்கப்பட்டிருக்கலாம் என்று கண்டறியும் முறை இது. 1899 முதல் 1930 வரையிலான கரும்பாலைப் படங்களை மனதில் வைத்து எழுதப்பட்டது.

ஒன்றை முதலிலேயே தெளிவாக்கிக்கொள்ளுங்கள். படத்தில் வரும் வரிசை ஆலையில் நடக்கும் வரிசை அல்ல. அக்காலப் படச்சுருளுக்கு வெளிச்சம் ஏராளமாக வேண்டும். ஆகவே ஒளிப்பதிவாளர் வெயில் இருந்த பக்கம் போனார். வயல், வண்டி, கரும்பு இறக்கும் முற்றம், பக்கச் சுவர் இல்லாத அரவைக் கொட்டகை, மூட்டை ஏற்றும் துறை ஆகியவை நிறைய இருக்கும். சாறு சர்க்கரையாக மாறும் உள்கட்டடம் அரை நிமிடம்கூட இருக்காது. தொழில்முறை தெரியாதவர் இந்த இடைவெளியைக் கவனிக்காமல் தாண்டிவிடுகிறார், அல்லது கண்ணில் பட்ட வேறொன்றை எடுத்து அதில் பொருத்திவிடுகிறார். தவறான தலைப்புகளில் பெரும்பாலானவை இங்கேதான் பிறக்கின்றன.

படச்சுருளே கையில் இருந்தால்

35 மி.மீ. சுருள், 1950களின் தொடக்கத்துக்கு முந்தையது என்றால், அது நைட்ரேட் என்றே வைத்துக்கொள்ளுங்கள். எரியத் தொடங்கினால் தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே வெளிவிடும் பொருள் அது. தண்ணீருக்குள் அமுக்கினாலும் அணையாது. கொஞ்சம் கிழித்து எரித்துப் பார்க்கும் "சோதனை" எக்காரணம் கொண்டும் வேண்டாம். புரொஜெக்டரில் ஏற்றவும் வேண்டாம். படம் மங்குவது, பிறகு பிசுபிசுப்பு, பிறகு தேன்நிறக் கொப்புளம், நுரை, கடைசியில் பழுப்புப் பொடி என்பது அது அழியும் வரிசை. பிசுபிசுப்பு தொடங்கியிருந்தால் சுற்றைப் பிரிக்காதீர்கள். காற்றோட்டமுள்ள, குளிர்ந்த, வெயில் படாத இடத்தில் மற்ற சுருள்களிலிருந்து விலக்கி வைத்துவிட்டுக் காப்பகத்தைக் கூப்பிடுங்கள். இந்தியாவில் அது புனேயில் உள்ள தேசியத் திரைப்படக் காப்பகம். கூரியரில் அனுப்பும் யோசனை வேண்டாம்.

16 மி.மீ. (1923 முதல்), துளை நடுவில் இருக்கும் 9.5 மி.மீ. (1922 முதல்) சுருள்கள் எளிதில் தீப்பற்றாத அசிடேட் வகை. அவற்றில் வினிகர் வாடை அடித்தால் சிதைவு தொடங்கிவிட்டது என்று பொருள்.

விளிம்பையும் பாருங்கள். கோடக் நிறுவனம் 1916 முதல் வட்டம், சதுரம், முக்கோணம் என்ற குறிகளால் ஆண்டைக் குறித்தது. இந்தக் குறிகள் 20 ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப வரும். ஒரே குறி 1917ஆகவும் இருக்கலாம், 1937ஆகவும் இருக்கலாம். அது சொல்வது சுருள் தயாரான ஆண்டு, படம் எடுத்த ஆண்டு அல்ல. மேலும், நெகடிவின் விளிம்புக் குறி பாசிடிவில் நிழலாக விழுந்திருக்கும், பாசிடிவுக்கென்று தனிக் குறியும் இருக்கும். இரண்டையும் தனித்தனியே எழுதிக்கொள்ளுங்கள்.

கணினிக் கோப்பாக இருந்தால்

நிமிடம், நொடிக் கணக்கில் குறிப்பெடுக்கத் தொடங்காதீர்கள். ஓடும் வேகமே சந்தேகத்தில் இருக்கும்போது நொடிக்கு மதிப்பில்லை. சட்டக (ஃபிரேம்) எண்ணைக் கொண்டே காட்சிப் பட்டியல் போடுங்கள். தொடக்கச் சட்டகம், முடிவுச் சட்டகம், காண்பது, இயக்கம் போகும் திசை, வெளிச்சம் வரும் பக்கம், கேமரா நின்ற உயரம், வெட்டா ஒட்டா என்ற ஏழு பத்தி போதும். "காண்பது" பத்தியில் கண்ணால் காண்பதை மட்டும் எழுதுங்கள். "ஆவியாக்கி" என்று எழுதாமல் "நின்ற வாக்கில் நான்கு உருளைக் கலங்கள், மேலே தடித்த குழாய்" என்று எழுதுங்கள். பெயர் சூட்டுவது அடுத்த சுற்று வேலை.

அடுத்து, ஒவ்வொரு சட்டகமாக நகர்த்திப் பாருங்கள். வி.எல்.சி. போன்ற எந்த இலவச மென்பொருளும் போதும். பழைய மாற்றங்களில் நொடிக்கு 16 சட்டகத்தை 24 ஆக்க, ஒன்றுவிட்டு ஒரு சட்டகத்தை இரட்டித்திருப்பார்கள். முதல் சட்டகம் இரண்டு முறை, இரண்டாவது ஒரு முறை, மூன்றாவது இரண்டு முறை என்ற ஒழுங்கில் வரும். இது தெரியாமல் எண்ணினால் கணக்கு முழுவதும் ஒன்றரை மடங்கு பிசகும். தொலைக்காட்சிக்காக மாற்றிய கோப்புகளில் இரண்டு சட்டகம் ஒன்றின்மேல் ஒன்று கலந்து பேயுருவம்போல் தெரியும். அவற்றை அளவெடுக்கப் பயன்படுத்தாமல் விடுவதே நல்லது.

வேகத்தைக் கண்டுபிடித்தல்

அக்காலக் கேமராவில் கைப்பிடியை ஒரு சுற்றுச் சுற்றினால் பொதுவாக 8 சட்டகம் பதிவாகும். நொடிக்கு இரண்டு சுற்று என்றால் 16. இது ஏட்டுக் கணக்கு. நடைமுறையில் 14 முதல் 22 வரை எங்கும் இருக்கும். ஒரே சுருளில் காட்சிக்குக் காட்சி மாறவும் மாறும். 35 மி.மீ. படத்தில் ஓர் அடிக்கு 16 சட்டகம். ஆயிரம் அடிச் சுருள் 16 என்ற வேகத்தில் 16 நிமிடம் 40 நொடி ஓடும், 24 என்ற வேகத்தில் 11 நிமிடம் 7 நொடி. பழைய பட்டியலில் அடிக்கணக்கும் ஓட்ட நேரமும் இரண்டும் இருந்தால் அங்கிருந்தே வேகத்தைக் கணக்கிடலாம்.

எழுத்துச் சான்று இல்லாவிட்டால் ஈர்ப்புவிசைதான் நம்பகமான கடிகாரம். சர்க்கரைப் படங்களில் விழும் பொருளுக்குப் பஞ்சமில்லை. வண்டியிலிருந்து கரும்புக்கட்டு விழும், அடுக்கிலிருந்து மூட்டை விழும். ஓய்விலிருந்து 2 மீட்டர் விழ 0.64 நொடி ஆகும். அதற்கு 10 சட்டகம் ஆனால் வேகம் 16 வாக்கில், 11 அல்லது 12 ஆனால் 18, 15 ஆனால் 24. உயரத்தை அருகில் நிற்கும் ஆளை வைத்து மதிப்பிடுங்கள். அதில் 10 விழுக்காடு பிசகினாலும் நேரத்தில் 5 விழுக்காடுதான் பிசகும். தூக்கி எறிந்த பொருள் இந்தக் கணக்குக்கு ஆகாது, கையை விட்டு நழுவியதுதான் வேண்டும். குறைந்தது நான்கைந்து விழுதல்களை எண்ணிச் சராசரி எடுங்கள்.

நடையை வைத்துக் கணிப்பது பலரும் செய்வது. சாதாரண நடையில் நிமிடத்துக்கு 110 காலடி என்றால், 16 என்ற வேகத்தில் ஒரு காலடிக்கு 9 சட்டகம் வாக்கில் வரும். ஆனால் மூட்டை சுமப்பவர் நடையை எடுக்காதீர்கள். பாரத்தோடு பலகைமேல் போகிறவர் குறுகிய எட்டில் விரைந்துதான் போவார். அதைச் "சாதாரண" நடையாக்கப் படத்தை மெதுவாக்கினால் எல்லாம் நீருக்குள் நடப்பதுபோல் ஆகிவிடும்.

அரவை உருளை மூன்றாவது சாட்சி. அக்கால உருளையின் விளிம்பு வேகம் நிமிடத்துக்கு 5.5 முதல் 7.5 மீட்டர் வரை. 76 செ.மீ. விட்டமுள்ள உருளையின் சுற்றளவு 2.39 மீட்டர். அதாவது ஒரு சுற்றுக்கு 20 முதல் 25 நொடி. உருளை முனையில் உள்ள இணைப்புக் கட்டையில் ஒரு போல்ட்டையோ எண்ணெய்த் திட்டையோ குறிவைத்து ஒரு சுற்றுக்கான சட்டகங்களை எண்ணுங்கள். 400 சட்டகம் வந்தால், 16 என்ற வேகத்தில் 25 நொடி, விளிம்பு வேகம் நிமிடத்துக்கு 5.7 மீட்டர். பொருந்துகிறது. அதே 400ஐ 24 என்று கொண்டால் 8.6 மீட்டர் வரும், அக்கால ஆலைக்கு அது அதிகம். இதைத் துணைச்சான்றாக மட்டுமே வையுங்கள். கரும்பு வரத்துக்கேற்ப அரவையை மெதுவாக்கவும் கூட்டவும் செய்வார்கள்.

எஞ்சினின் பெரிய பறக்கும் சக்கரத்தை (ஃபிளைவீல்) மட்டும் நம்பாதீர்கள். ஆறு ஆரம் கொண்ட சக்கரம் நிமிடத்துக்கு 80 சுற்றைத் தாண்டினால், நொடிக்கு 16 சட்டகம் எடுக்கும் கேமராவில் அது பின்னோக்கிச் சுற்றுவதுபோல் தெரியும். அதைப் பார்த்துப் படத்தைத் திருப்பி ஓட்டியவர்களும் உண்டு.

கரும்பா, கிழங்கா

இந்தக் கேள்வியை முதலில் தீர்த்துவிடுங்கள். ஐரோப்பாவிலும் வட அமெரிக்காவிலும் எடுத்த சர்க்கரைப் படங்களில் பெரும்பகுதி பீட்ரூட் சர்க்கரை. தொழிலாளி கனத்த கோட்டுப் போட்டிருந்தால், முற்றத்தில் சேறும் பனியும் இருந்தால், நிலக்கரிக் குவியல் தெரிந்தால், வாய்க்காலில் கிழங்குகள் மிதந்து வந்தால் சந்தேகமே வேண்டாம். உள்ளே அரவை உருளை இருக்காது. கிழங்கைச் சீவல்களாக நறுக்கி, வரிசையாகவோ வட்டமாகவோ நிற்கும் பத்துப் பதினான்கு இரும்புக் கலங்களில் வெந்நீரால் இனிப்பைப் பிரித்தெடுப்பார்கள். யூலியஸ் ராபர்ட் 1864இல் மொராவியாவில் (இன்றைய செக் நாட்டுப் பகுதி) நடைமுறைக்குக் கொண்டுவந்த முறை இது. இந்தக் கலங்களைக் கொதிகலன் என்று எழுதிவிடுவது வழக்கமான பிழை. அடுப்பு வாய் இல்லாத கொதிகலன் ஏது?

இன்னொரு குழப்பம், நிற்கும் உருளைகளும் சுற்றிவரும் மாடுகளும். அது வெல்ல ஆலை. "பழையது, புதியது" என்று ஒப்பிட்டுக் காட்ட இதைப் படத்தின் தொடக்கத்தில் ஒட்டுவது அந்நாள் பழக்கம். அது வேறு ஊரில், ஏன், வேறு நாட்டில்கூட எடுத்ததாக இருக்கலாம். தனிக் காட்சியாகவே பதியுங்கள்.

வயலும் முற்றமும் இடம் சொல்லும்

இடத்தைக் காட்டிக்கொடுப்பது பெரும்பாலும் தண்டவாளம். தண்டவாள இடைவெளியை அதற்குள் நிற்கும் மனிதக் காலை வைத்து மதிப்பிடலாம். ஜாவாவில் பெரும்பாலும் 700 மி.மீ., குயின்ஸ்லாந்திலும் ஃபிஜியிலும் இரண்டடி அதாவது 610 மி.மீ., ஹவாயில் பல இடங்களில் மூன்றடி, கியூபாவில் பெரிய ஆலைகளுக்கு முழு அளவு ரயில் பாதை. எஞ்சினும் உதவும். ஜாவாவில் ஜெர்மனியின் ஓரன்ஸ்டைன் கோப்பல், குயின்ஸ்லாந்திலும் ஃபிஜியிலும் லீட்ஸ் நகரத்து ஹட்ஸ்வெல் கிளார்க், ஹவாயிலும் கியூபாவிலும் அமெரிக்காவின் பால்ட்வின் அதிகம் ஓடின. பெட்டியில் சி.எஸ்.ஆர். என்ற எழுத்துகள் இருந்தால் கலோனியல் சுகர் ரிஃபைனிங் கம்பெனி. ஃபிஜி என்று உடனே எழுதிவிடாதீர்கள். அதே கம்பெனிக்கு குயின்ஸ்லாந்திலும் நியூ சவுத் வேல்ஸின் வடபகுதியிலும் ஆலைகள் இருந்தன.

வயலில் வரிசை வரிசையாகக் கையால் தோண்டிய ஆழமான குழிகளும் குறுக்கு வாய்க்கால்களும் தெரிந்தால் ஜாவா. ரெய்னோசோ முறை என்று அதற்குப் பெயர். கரும்பு மரவாய்க்காலில் தண்ணீரில் மிதந்து சரிந்தால் ஹவாய். ஆளுயரச் சக்கரம் இரண்டு மட்டும் கொண்ட மாட்டுவண்டி, பின்னால் நெடிதுயர்ந்த அரசப்பனை என்றால் கியூபா. கரும்பு விரல் தடிமனுக்குச் சற்றே கூடுதலாக இருந்தால் தென்னாப்பிரிக்காவின் நேட்டாலை யோசியுங்கள். ஊபா என்ற மெல்லிய, கடினமான ரகத்தையே 1930கள் வரை அங்கே பரவலாகப் பயிரிட்டார்கள். இவற்றில் ஒன்று மட்டும் பொருந்தினால் "இருக்கலாம்" என்று எழுதுங்கள். இரண்டு பொருந்தினால் "பெரும்பாலும்".

இயந்திரத்தில் உள்ள பெயர்ப்பலகையைப் பெரிதாக்கிப் படித்துவிட்டு இடம் தெரிந்துவிட்டது என்று துள்ள வேண்டாம். கிளாஸ்கோவின் மிர்லீஸ் வாட்சன், டெர்பியின் ஜார்ஜ் பிளெட்சர், ஹெங்கலோவின் ஸ்டோர்க், பிரான்சின் ஃபீவ்-லீல், செயின்ட் லூயிஸின் ஃபுல்டன், ஹோனலுலு அயர்ன் ஒர்க்ஸ் எல்லாமே கடல் கடந்து விற்றவை. பலகை ஒன்றை மட்டும் உறுதியாகச் சொல்லும். எழுத்து நேராகத் தெரிந்தால் படம் இடவலம் மாறவில்லை. கண்ணாடியில் பார்ப்பதுபோல் இடவலம் மாறித் தெரிந்தால் பட்டியலிலுள்ள எல்லாத் திசைக் குறிப்புகளையும் மாற்றி எழுத வேண்டும்.

முற்றத்தில் ஆட்கள் சக்கையை வெயிலில் பரப்பிக் காயவைத்தால் அது பழைய பாணி ஆலை. ஒரே ஒரு அரவையில் பிழிந்த சக்கையில் ஈரம் மிகுதி, அப்படியே எரியாது. மூன்று, நான்கு அரவைகளை வரிசையாக வைத்த ஆலையில் சக்கை ஏறத்தாழ 50 விழுக்காடு ஈரத்தோடு வெளிவந்து நேராக அடுப்புக்குப் போகும். எனவே காயவைக்கும் காட்சியும் பல அரவை வரிசையும் ஒரே படத்தில் இருந்தால், இரண்டு ஆலைகளின் படங்களை ஒட்டியிருக்கிறார்களா என்று பாருங்கள்.

அரவைக் கொட்டகை

படத்தில் மிகத் தெளிவாக இருப்பது இதுதான், ஆகவே நேரத்தை இங்கே செலவிடுங்கள். வெட்டிய கரும்பில் சர்க்கரை சிதையத் தொடங்கிவிடும். ஒன்றிரண்டு நாளுக்குள் அரைத்தாக வேண்டும். அதனால் முற்றத்திலிருந்து கரும்புச் சுமப்பான் இடைவிடாமல் ஓடும். பலகைகளைச் சங்கிலியில் கோத்த சாய்வான பட்டை அது. இருபுறமும் ஆட்கள் நின்று கரும்பைச் சீராகப் பரப்புவார்கள். பரப்பு சீராக இல்லாவிட்டால் உருளை கரும்பை உள்வாங்காமல் வழுக்கும், அல்லது ஒருபக்கம் திணறும். கோலால் யாராவது குத்தித் தள்ளுவது தெரிந்தால் அதுதான் நடக்கிறது. அதை "பரிசோதனை" என்று எழுத வேண்டாம்.

சுமப்பானின் தலைமாட்டில் என்ன இருக்கிறது? ஒன்றோடொன்று கோத்துச் சுழலும், குறுக்குநெடுக்காக வளைந்த ஆழமான பற்கள் கொண்ட இரண்டு உருளைகள் என்றால் அது கிரஜெவ்ஸ்கி நொறுக்கி. 1880களிலிருந்து புழக்கத்துக்கு வந்தது. சுழலும் கத்தி வரிசையும் சிதைப்பானும் இருந்தால் ஆலை அதைவிடப் புதியது. எதுவும் இல்லாமல் முழுக் கரும்பு நேராக மூன்று உருளைக்குள் போனால் சிறிய அல்லது பழைய ஆலை.

அதன்பின் வருவது மூன்று உருளை அரவை. கீழே இரண்டு, மேலே ஒன்று, முக்கோணமாக. மேல் உருளையின் இரு முனையிலும் தடித்த தொப்பி போன்ற உருண்டைப் பகுதி தெரியும், அதுதான் நீரழுத்தம் கொடுக்கும் இடம். இந்தத் தொப்பிகளை எண்ணினால் எத்தனை அரவை என்று தெரியும். மூன்று அரவை என்றால் ஆலைக்காரர் பேச்சில் ஒன்பது உருளை ஆலை. அரவைகளுக்கு நடுவே சக்கைமேல் மெல்லிய குழாயிலிருந்து தண்ணீரோ நீர்த்த சாறோ விழுவதைத் தேடுங்கள். மீதமுள்ள இனிப்பை ஊறவைத்துப் பிழிவதற்கு அது. உருளைக்கு அடியில் பள்ளத்தில் ஓடும் சாறு நுரையோடு வெளுத்துத் தெரியும். பால் என்று தோன்றினால் ஏமாறாதீர்கள்.

பின்னணியில் மனித உயரத்துக்குமேல் நிற்கும் பற்சக்கரங்கள் நீராவி எஞ்சினின் வேகத்தைக் குறைத்து உருளைக்குக் கொடுப்பவை. எஞ்சின் நிமிடத்துக்கு ஐம்பது அறுபது சுற்று, உருளை இரண்டரை மூன்று சுற்று. இரண்டும் ஒரே சட்டகத்தில் அகப்பட்டால் பற்களை எண்ணி மேலே சொன்ன வேகக் கணக்கைச் சரிபார்க்கலாம்.

இருட்டான பாதி

சாறு அரவையை விட்டுப் போனதும் படம் தடுமாறும். நடக்க வேண்டிய வரிசை இது: வடிகட்டல், சுண்ணாம்புப் பால் சேர்த்தல், கொதிக்கும் அளவுக்குச் சூடாக்கல், கசடு படியவைத்தல், தெளிந்த சாற்றை ஆவியாக்கிப் பாகாக்கல், பாகை வெற்றிடக் கலத்தில் காய்ச்சிப் படிகமாக்கல். இவற்றில் எது இருக்கிறது, எது இல்லை என்று பட்டியலில் தனியே எழுதுங்கள். "ஆவியாக்கும் காட்சி இல்லை" என்பதும் பயனுள்ள தகவல்தான். வேறொரு காப்பகத்தில் அந்தத் துண்டு தனியாகக் கிடக்கலாம்.

படிந்த கசடைப் பிழியும் வடிகட்டு அழுத்தி நீளமான இரும்புச் சட்டத்தில் பல தட்டுகளை நெருக்கி அடுக்கியதுபோல் இருக்கும். தட்டுகளை விலக்கும்போது கறுத்த அடைகள் கீழே விழும். நம்மூர்க் கரும்பு விவசாயிகள் உரத்துக்கு வாங்கும் பிரஸ்மட் அது. இதைச் "சர்க்கரைக் கட்டிகள்" என்று எழுதிய குறிப்புகள் உண்டு. சட்டத்துக்குப் பதிலாகப் பெரிய பீப்பாய் ஒன்று தொட்டியில் பாதி மூழ்கி மெதுவாகச் சுற்றினால் அது வெற்றிடச் சுழல் வடிகட்டி. இந்தக் காலகட்டத்தின் கடைசிக்கு வந்துவிட்டீர்கள் என்று பொருள்.

உயரமான கோபுரம், அதன் உச்சிக்குச் சுண்ணாம்புக் கல்லும் கல்கரியும் ஏறுகின்றனவா? சுண்ணாம்புச் சூளை. சாற்றில் சுண்ணாம்போடு கரியமில வாயுவையும் செலுத்தி வெளுக்கும் ஆலை என்று அறியலாம். பீட்ரூட் ஆலைகளில் இது கட்டாயம் இருக்கும், ஜாவாவின் சில கரும்பாலைகளிலும் உண்டு.

ஆவியாக்கிகள் மூன்றோ நான்கோ வரிசையாக நிற்கும். ஒன்றின் ஆவி அடுத்ததைச் சூடாக்கும். லூசியானாவில் நோர்பர்ட் ரில்யூ 1840களில் காப்புரிமை பெற்ற முறை. முதல் கலத்துக்குப் பின் குழாய் தடித்துக்கொண்டே போவதைக் கவனித்தால் எந்தப் பக்கம் தொடக்கம் என்று தெரிந்துவிடும். 15 பிரிக்ஸ் (கரைந்துள்ள திடப்பொருளின் விழுக்காடு) உள்ள 100 கிலோ சாறு இங்கே 60 பிரிக்ஸ் உள்ள 25 கிலோ பாகாகிறது. நான்கில் மூன்று பங்கு இங்கேயே ஆவியாகப் போய்விடுகிறது, படத்தில் அசைவு எதுவும் தெரியாவிட்டாலும்.

வெற்றிடக் கலம் கட்டடத்தின் மேல்தளத்தில் இருக்கும். எட்வர்ட் ஹோவர்ட் 1810களில் கண்டது. 60, 70 டிகிரியில் கொதிப்பதால் சர்க்கரை கருகாது. கவிழ்த்த கிண்ணம் போன்ற தலை, பக்கத்தில் வட்டக் கண்ணாடி, முன்னால் ஓர் ஆள். அவர் கலத்துக்குள் குழல் ஒன்றைச் செருகி எடுத்து, கண்ணாடித் துண்டில் தேய்த்து வெளிச்சத்தில் பார்த்தால் பதம் பார்க்கிறார். உள்கட்டடத்தில் எடுத்த காட்சிகளில் இது அடிக்கடி வரும், ஏனென்றால் ஆளை ஜன்னலோரம் நிறுத்தி எடுக்க முடியும். கண்ணாடி ஏந்தியவர் கலத்திலிருந்து வெகு தொலைவில், வாசலில் நின்றால் அது கேமராவுக்காகச் செய்து காட்டியது என்று குறியுங்கள்.

மேசகுயிட் என்று ஆலைக்காரர்கள் சொல்லும் படிகக் கூழ் மேல்தளத்திலிருந்து கீழே இறங்கும். நீளத் தொட்டியில் சுருள் அலகு ஒன்று மிக மெதுவாகக் கிளறினால் அது படிகமாக்கி. அதற்கும் கீழ்த்தளத்தில், கூழைச் சுழற்றிச் சர்க்கரையையும் கழிவுப்பாகையும் பிரிக்கும் மையவிலக்கு இயந்திரங்கள். மேலிருந்து கீழ் என்ற இந்த அடுக்கை மனதில் வைத்தால் கலைந்த காட்சிகளை எளிதில் வரிசைப்படுத்தலாம். படிக்கட்டில் இறங்குகிறவர் யாராவது சட்டகத்தில் இருந்தால் அதிர்ஷ்டம்.

மையவிலக்கும் மூட்டையும்

மேலிருந்து தொங்கும் வகை மையவிலக்கு, டேவிட் வெஸ்டன் 1850களின் தொடக்கத்தில் ஹவாயில் செய்தது. கூடையின் விட்டம் 76 அல்லது 102 செ.மீ., வேகம் நிமிடத்துக்கு ஆயிரம் சுற்று வாக்கில். நொடிக்கு 16 சட்டகம் எடுக்கும் கேமராவுக்கு இது ஏறக்குறைய சட்டகத்துக்கு ஒரு சுற்று. எனவே கூடை நிற்பதுபோலவோ மெல்ல நகர்வதுபோலவோ ஒரு மங்கலாகத் தெரியும். "இயந்திரம் ஓடவில்லை" என்று எழுதும் முன் கூடையின் உட்சுவரைப் பாருங்கள். கருமை படிப்படியாக வெளுத்துக்கொண்டே போனால் கழிவுப்பாகு சல்லடை வழியே வெளியேறுகிறது, இயந்திரம் முழு வேகத்தில் ஓடுகிறது. நின்ற பிறகுதான் ஆள் மரத்துடுப்பால் சுவரை வழித்து, சர்க்கரையை அடித்துளை வழியே தள்ளுவார். கீழே குலுங்கும் தட்டில் சர்க்கரை துள்ளித் துள்ளி நகரும். அந்தத் தட்டுக்கு ஆங்கிலத்தில் வெட்டுக்கிளி என்றே பெயர்.

மூட்டையின் அளவும் பேசும். கியூபா மூட்டை 325 பவுண்டு, அதாவது சுமார் 147 கிலோ. ஓர் ஆள் தனியாகச் சுமந்து ஓடுவது 147 கிலோவாக இருக்க முடியுமா என்று கேட்டுப் பாருங்கள்.

சாம்பல் நிறத்தின் பொய்

1920களின் நடுப்பகுதி வரை பெரும்பாலான படங்கள் ஆர்தோகுரோமேட்டிக் சுருளில் எடுத்தவை. சிவப்பு அதற்குக் கண் தெரியாது, மஞ்சள் அரைகுறை. பழுப்புச் சர்க்கரை நேரில் இருப்பதைவிட மிகக் கறுப்பாக விழும். அடுப்பின் செந்தழல் மங்கும், நீல வானம் வெளுத்துப்போகும். ஆகவே "கறுப்பாக இருக்கிறது, கழிவுப்பாகு" என்று முடிவு கட்டாதீர்கள். அதே சட்டகத்தில் சணல் மூட்டையும் வெள்ளைச் சட்டையும் இருக்கும். சர்க்கரை மூட்டையின் நிறத்தை ஒட்டியிருந்தால் பழுப்பு, சட்டையை ஒட்டியிருந்தால் வெள்ளை. அம்பர் சாயம் தோய்த்த காட்சி என்றால் சர்க்கரையின் நிறம் அம்பர் என்று பொருள் இல்லை. உள்ளறைக் காட்சிக்கு அம்பர், இரவுக்கு நீலம், தீக்குச் சிவப்பு என்பது அந்நாள் வழக்கம். சாயத்தைத் தனிப் பத்தியில் பதியுங்கள்.

தலைப்பு அட்டையும் ஆட்களும்

இடையில் வரும் எழுத்து அட்டைகளை எழுத்துப் பிசகாமல் மேற்கோளாகப் பதியுங்கள். அவற்றில் வரும் "கூலி" போன்ற சொற்களை மேற்கோளுக்குள் மட்டும் வையுங்கள், உங்கள் விவரணையில் "தொழிலாளர்" என்று எழுதுங்கள். அட்டை பிற்காலத்தில் மாற்றி ஒட்டியதாகவும் இருக்கும். அட்டையின் விளிம்புக் குறியும் காட்சியின் விளிம்புக் குறியும் ஒத்துப்போகின்றனவா என்று பார்த்தால் தெரிந்துவிடும்.

சேலை கட்டிய பெண்ணும் தலைப்பாகை கட்டிய ஆணும் தெரிந்தால் தமிழ் வாசகருக்கு உடனே நெல்லிக்குப்பம் நினைவுக்கு வரும். 1840களிலேயே ஆலை வந்த ஊர் என்பதால் வியப்பில்லை. ஆனால் மொரீஷியஸ், நேட்டால், ஃபிஜி, கயானா, டிரினிடாட் என எல்லாக் கரும்புக் காடுகளுக்கும் ஒப்பந்தத்தில் ஆட்களை ஏற்றிச் சென்றார்கள். நேட்டாலுக்கு 1860இல் முதல் கப்பல் புறப்பட்டதே சென்னையிலிருந்துதான். ஃபிஜிக்குச் சென்னையிலிருந்து ஆள் எடுத்தது 1903 முதல் 1916 வரை. உடையை வைத்துத் தமிழர், தெலுங்கர், போஜ்புரி பேசுவோர் என்று பிரிக்க முயல வேண்டாம். "இந்தியத் தொழிலாளர், பெரும்பாலும் ஒப்பந்தத்தில் வந்தோர்" என்பதற்குமேல் போக வேண்டுமானால் படத்துக்கு வெளியே ஆவணம் வேண்டும். குயின்ஸ்லாந்துப் படத்தில் பசிபிக் தீவினர் கூட்டமாக வெட்டினால் அது 1908க்கு முந்தையதாக இருக்க வாய்ப்பு மிகுதி. 1901ஆம் ஆண்டுச் சட்டப்படி பெரும்பாலோரை அப்போது திருப்பியனுப்பிவிட்டார்கள்.

பதிவை எழுதுதல்

ஒவ்வொரு காட்சிக்கும் மூன்று வரி எழுதுங்கள். கண்டது, அதற்குச் சூட்டும் பெயர், எந்தச் சான்றால். மாதிரிக்கு ஒன்று:

"சட்டகம் 2140 முதல் 2615 வரை. திறந்த கொட்டகை, இடமிருந்து வலம் நகரும் கரும்பு, வளைபல் உருளை இரண்டு, பின்னால் நீரழுத்தத் தொப்பி மூன்று இணை. கிரஜெவ்ஸ்கி வகை நொறுக்கியும் ஒன்பது உருளை அரவையும். இடம்: பெரும்பாலும் ஜாவா (முந்தைய காட்சியில் குழி முறை வயல், 700 மி.மீ. தண்டவாளம், ஆனால் இரண்டு காட்சிக்கும் நடுவே ஒட்டு உண்டு). வேகம்: விழும் கட்டு ஐந்தின் சராசரியில் நொடிக்கு 17."

அந்த அடைப்புக்குள் இருக்கும் "ஆனால்" முக்கியம். ஒட்டு இருக்கும் இடத்தில் ஒரு காட்சியின் சான்றை அடுத்ததற்குக் கடத்தும்போது அதைக் கட்டாயம் எழுத வேண்டும். பின்னால் யாராவது வயல் காட்சி வேறு படத்தினது என்று நிறுவினால், ஆலைக் காட்சியின் இடக்குறிப்பை மட்டும் எடுத்துவிட்டு மற்றதை அப்படியே வைத்துக்கொள்ளலாம்.